ஒரு வாரத்தில் சந்தித்தவர்கள்

ஆய்வகத்தில் அவளைச் "சுத்தம் அக்கா" என்றுதான் கூப்பிடுவார்கள். பாதி மரியாதை, பாதி கிண்டல். கதவுப் பிடியைக்கூடத் துடைத்துவிட்டுத்தான் தொடுவாள். நாற்பத்தாறு வயதில் பன்னிரண்டு வருடத்தை, நோயாளிகளின் மாதிரிகளைத் தயாரிக்கும் அந்தச் சின்ன அறையில் கழித்தவள். அங்கே இரண்டாவது ஆள் நுழையக்கூடாது என்பது விதி. அவளுக்கு அது ரொம்பத் தோதாக இருக்கிறது என்று மற்றவர்கள் நினைத்தார்கள். நினைக்கிறவர்களுக்கு என்ன, நினைத்துவிட்டு வீட்டுக்குப் போய்விடுவார்கள்.

அவள் செய்வது மல்டிபிளெக்ஸ் பிசிஆர். நோயாளியின் மூக்கில் தேய்த்தெடுத்த ஒரே பஞ்சுக்குச்சியை வைத்துக்கொண்டு, ஒரே ஓட்டத்தில் பதினெட்டுக் கிருமிகளைத் தேடுகிற சோதனை. ஒவ்வொரு ஓட்டத்திலும் நோயாளிகளின் மாதிரிகளோடு, வெறும் தண்ணீர் மட்டும் ஊற்றிய ஒரு குப்பியும் இயந்திரத்துக்குள் போகும். அதில் எதுவும் தெரியக்கூடாது. தெரிந்தால், தயாரித்தவர் கை எங்கேயோ தப்பு செய்திருக்கிறது என்று அர்த்தம். அந்த ஓட்டம் மொத்தமும் செல்லாது.

பன்னிரண்டு வருடத்தில் அவளுடைய தண்ணீர் வாயைத் திறந்ததே இல்லை. அன்று காலை பத்து மணிக்குத் திறந்தது. திரையில் தண்ணீருக்கான கோடு மெல்ல எழுந்து நின்றது. ஆர்.எஸ்.வி. என்கிற வைரஸ். பெரியவர்களுக்கு வெறும் சளி, கைக்குழந்தைகளுக்கு மூச்சுத் திணறல். வேடிக்கை என்னவென்றால், அந்த ஓட்டத்தில் இருந்த இருபத்திரண்டு நோயாளிகளில் ஒருவருக்கும் அது இல்லை. அப்படியானால் கிருமி வந்த இடம் ஒன்றே ஒன்றுதான். முந்தின நாளிலிருந்து அவளுக்குத் தொண்டையில் ஒரு கரகரப்பு. காலையில் தும்மல் வந்து முகக்கவசம் நழுவியபோது கையுறையோடே அதைச் சரிசெய்து, அதே கையுறையோடு தண்ணீர்க் குப்பியின் மூடியைத் திறந்திருந்தாள். புதிதாக வந்தவர்கள் இதைச் செய்யமாட்டார்கள். பயந்து பயந்து வேலை பார்ப்பார்கள். கை தானாக ஓடுகிறவர்கள் செய்கிற தப்பு இது.

அவள் மூக்கிலும் குச்சியை விட்டுப் பார்த்தார்கள். ஆர்.எஸ்.வி.தான். இருபத்திரண்டு பேரின் மாதிரிகளும் வேறொருவர் கைக்குப் போயின. அவள் தொற்றுத்தடுப்பு அதிகாரியின் முன்னால் போய் உட்கார்ந்தாள்.

அதிகாரி அவளைவிடப் பத்து வயதாவது சின்னவர். திட்டவில்லை. ஒரு படிவத்தை எடுத்து வைத்தார்.

"இந்த ஒரு வாரத்துல யார்கூட எல்லாம் இருந்தீங்க மேடம்? பக்கத்துல உக்காந்து, ஒரு கால் மணி நேரமாவது. எங்கிருந்து வந்துச்சுன்னு பாக்கணும்."

படிவத்தில் ஆறு வரிசைகள் இருந்தன. இடம் போதாவிட்டால் பின்பக்கம் எழுதவும் என்று அடியில் அச்சிட்டிருந்தது.

அவள் யோசித்தாள். பேருந்தில் பக்கத்தில் நின்றவர்கள், பெயர் தெரியாது. காய்கறிக் கடைக்காரர் பையை நீட்டினார், அரை நிமிடம். மாடி வீட்டுப் பெண் படியில் சிரித்தாள், நிற்கவில்லை. வியாழன், வெள்ளி, சனி என்று விரல்விட்டுக்கொண்டே போனவளுக்கு முகம் சுட்டது. ஒருவர்கூட இல்லை. நோயைக் கொடுக்கக்கூட ஆளில்லாத பிழைப்பு என்ன பிழைப்பு.

"ஒருத்தருமா இல்ல?" பேனாவைப் பிடித்தபடி அதிகாரி கேட்டார். அவர் முகத்தில் பரிதாபம் எட்டிப்பார்ப்பதற்குள் அவள் வாய் முந்திக்கொண்டது.

"ஞாயித்துக்கிழமை எங்க அண்ணன் வீட்டுக்குப் போயிருந்தேன்."

அண்ணன் வீட்டு வாசலை அவள் மிதித்து எட்டு மாதம் ஆகிறது. சண்டை சச்சரவு ஒன்றுமில்லை. அவள் போகவில்லை, அவர்கள் கூப்பிடவில்லை, அவ்வளவுதான்.

"வீட்டுல யார் யார் இருக்காங்க?"

"அண்ணன், அண்ணி, அவங்க பொண்ணு. அவ குழந்தை, மூணு மாசம்."

அதிகாரி நிமிர்ந்தார். "மூணு மாசமா? அப்போ இன்னிக்கே போய் எல்லாருக்கும் எடுத்துடணும்."

சொன்னதைத் திரும்ப விழுங்கிவிடலாம் என்று பார்த்தாள். நாக்கு எழவில்லை. அந்தக் குழந்தையை அவள் கைபேசிப் படத்தில்தான் பார்த்திருக்கிறாள். அதன் குட்டி மூக்கில் தன் பொய்க்காக ஒரு குச்சி போகப்போகிறது. அப்போதும் சொல்லவில்லை. வெட்கம் அப்படிப்பட்ட பிடிவாதக்காரச் சனியன்.

வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஒற்றை அறை, ஒரு கட்டில், போர்வைக்குள் அவள். இன்னும் கொஞ்ச நேரத்தில் அதிகாரி அண்ணனிடம் கேட்பார். "அவளா? அவ இந்தப் பக்கமே வர்றதில்லையே" என்று அண்ணன் சொல்லுவார். வேலை போனாலும் போகட்டும். அந்த ஒரு வாக்கியத்தை இன்னொரு மனிதர் காதால் கேட்கப்போகிறாரே என்பதுதான் அவளை அரித்தது. முன்கூட்டியே அண்ணனைக் கூப்பிட்டுச் சொல்லிவைக்கலாம். என்னவென்று சொல்வது?

மறுநாள் மதியம் அதிகாரி கூப்பிட்டார்.

"நல்ல சேதி மேடம். நாலு பேருக்கும் ஒண்ணுமில்ல. பதினெட்டும் நெகடிவ். குழந்தை நல்லா இருக்கு."

"அண்ணன் ஏதாவது சொன்னாரா சார்?"

"என்ன சொல்வார்? ஞாயித்துக்கிழமை வந்திருந்தாங்களான்னு கேட்டேன். ஆமா, வந்தாளேன்னார். உங்களுக்கு வேற எங்கேயோ பிடிச்சிருக்கு. ரெஸ்ட் எடுங்க."

போனை வைத்துவிட்டுக் கட்டிலில் உட்கார்ந்து அழுதாள். பயம் விட்டுப்போன அழுகை முதலில். பிறகு வேறு அழுகை. அண்ணன் காப்பாற்றிவிட்டார். ஏன், எதற்கு என்று அவளை ஒரு வார்த்தை கேட்காமல், தங்கை சொன்னால் சொன்னதுதான் என்று நின்றிருக்கிறார். கூடப்பிறந்தது சும்மாவா? இத்தனை நாள் போகாமல் இருந்தது தன் தப்புதான் என்று தன்னையே திட்டிக்கொண்டாள். மூக்கைச் சிந்திவிட்டு அண்ணனைக் கூப்பிட்டாள்.

"அண்ணா, ரொம்ப நன்றி."

"எதுக்கும்மா?"

"ஞாயித்துக்கிழமை நான் வந்தேன்னு சொன்னீங்களே."

"வந்தே, சொன்னேன். இதுக்கு என்ன நன்றி?" பின்னால் யாரோ குழந்தையைக் கொஞ்சிக்கொண்டிருந்தார்கள். "குழந்தையைப் பாக்கன்னு அன்னிக்கு வீடு கொள்ளாத கூட்டம். யார் வந்தா, யார் போனான்னே எனக்கு நினைப்பில்ல. அந்த சார் கேட்டதும் உங்க அண்ணிகிட்டத்தான் கேட்டேன். வந்திருந்தாளே, ஜன்னலோரமா உக்காந்து சாப்பிட்டாளே, நான்தானே பரிமாறினேன்னு சொன்னா."

எட்டு மாதமாகப் பார்க்காத அந்த ஜன்னலை அவள் நினைத்துப் பார்த்தாள்.

"உடம்பு எப்படி இருக்கு?"

"பரவால்லண்ணா."

"பாத்துக்க. ஆனா ஒண்ணு, நீ பண்றது எனக்குப் பிடிக்கல. எப்ப வர்றே, எப்ப போறேன்னே தெரியல. அடுத்த தடவை கிளம்புறப்போ ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போ."

"சரிண்ணா," என்றாள். "சொல்லிட்டுப் போறேன்."