நீதிமன்றத்துக்கு வந்த குழாய்

அடுத்த தெருவில் துண்டிக்க வேண்டிய இணைப்பை விட்டுவிட்டு எங்கள் வீட்டுக் குழாயைத் துண்டித்த மகான்கள் குடிநீர் அலுவலகத்தார். தப்பை ஒப்புக்கொண்டால் கிரீடம் இறங்கிவிடுமாம். அண்ணன் பக்கவாதம் வந்து படுத்த படுக்கையாகக் கிடந்தார். அவரைத் துடைக்க, அவர் துணியை அலச, எல்லாத் தண்ணீரையும் அண்ணிதான் மூன்று தெரு தள்ளியிருந்து இடுப்பொடியச் சுமந்தாள். நாங்கள் வழக்காட, இணைப்பைத் திரும்பக் கொடுங்கள் என்று நீதிமன்றம் உத்தரவு போட்டது. உத்தரவு அலுவலகத்துக்குப் போய்ச் சுகமாகத் தூங்கியது.

அவமதிப்பு வழக்குப் போட்டோம். அதிகாரி நேரில் வர வேண்டும் என்றார் நீதிபதி. ஜெயில் பயம் வந்ததும் அந்த மனிதருக்குக் காலில் சக்கரம் கட்டியதுபோல் ஆயிற்று. விசாரணைக்கு முந்தின நாள் அவருடைய ஆட்கள் வந்து, பளபளவென்று ஒரு குழாயை வாசலில் நட்டார்கள். அதன் கீழே பாட்டில் தண்ணீரைக் கொட்டித் தரையை ஈரமாக்கினார்கள். போட்டோ எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

அண்ணி குழாயைத் திருகினாள். காற்றுக்கூட வரவில்லை. எனக்கு வந்த ஆத்திரத்தில் அதைப் பிடித்து ஓர் ஆட்டு ஆட்டினேன். முள்ளங்கி மாதிரி கையோடு வந்துவிட்டது. அடியில் ஒரு முழம் பைப், அதற்குக் கீழே வெறும் மண்.

மறுநாள் அதிகாரியின் வக்கீல் போட்டோவை நீட்டினார். "உத்தரவை முழுசா நிறைவேத்திட்டோம் ஐயா."

அண்ணி எழுந்து, பையிலிருந்த குழாயை எடுத்து மேஜைமேல் வைத்தாள்.

"என்னம்மா இது?" என்றார் நீதிபதி.

"அவங்க நிறைவேத்துனதுங்க ஐயா. முழுசும் இவ்வளவுதான்."

நீதிபதிக்கு முகம் சிவந்தது. "இந்த நீதிமன்றத்தை என்னன்னு நினைச்சீங்க?" என்று அதட்டினார். அதிகாரி இரண்டாக வளைந்து கும்பிட்டார். நிபந்தனையற்ற மன்னிப்பு தயாராகத் தட்டச்சு செய்யப்பட்டு அவர் சட்டைப் பையிலேயே இருந்தது. இந்த ஆட்கள் பேனாவை மறந்தாலும் அதை மறப்பதில்லை. நீதிபதி வாசித்தார், குளிர்ந்தார், ஏற்றுக்கொண்டார். இணைப்புக் கொடுக்க இன்னும் ஒரு மாதம் அவகாசமும் கொடுத்தார். நீதிமன்றத்தின் மானம் பிழைத்தது. அண்ணி இன்னும் ஒரு மாதம் குடம் தூக்க வேண்டும்.

வராந்தாவில் அண்ணி அந்த அதிகாரியை மறித்து நின்றாள்.

"சார், ஐயாகிட்ட மன்னிப்பு கேட்டீங்க, சரி. தண்ணி சுமக்கிறது நானு. என்கிட்டயும் ஒரு வார்த்தை கேளுங்க."

அவர் கோபப்படவில்லை. நிஜமாகவே குழம்பிப்போய்த் தன் வக்கீலைப் பார்த்தார்.

"அப்படி ஏதாவது ஆர்டர்ல இருக்கா?"

"இல்ல சார்."

"பாத்தீங்களாம்மா?" என்றார் அதிகாரி, மிகவும் பொறுமையாக. "ஆர்டர்ல இல்லாததை நான் எப்படிச் செய்ய முடியும்?"