பெருமாட்டி எழாத விருந்து

கோடைக் கதிரவன் மேற்றிசைக் குன்றுகளிற் சாய்ந்தும் மறைய மனமின்றித் தயங்கி நிற்க, முந்நூறு ஆண்டு மழையில் நனைந்து கறுத்த வட இங்கிலாந்து மாளிகை ஒன்றின் நெடிய உண்சாலையில், வெள்ளிக் கலங்கள் பொன்னிறம் பூத்து மின்ன, இருபது பேர் பேச்சற்று அமர்ந்திருந்தனர். விருந்து முடிந்து கால்மணி நேரமாயிற்று. ஆயினும் மேசைத் தலைப்பில் வீற்றிருந்த ஆர்மின்டா பெருமாட்டி எழவில்லை. அவர் எழுமுன் பிறர் எழுவது அவ்வுயர்குடியில் பொறுக்கலாகாப் பிழை.

அவர் அருகே, அமெரிக்க நாட்டிலிருந்து வந்த கலப்பை வணிகர் மகள் லவினியா மூச்சையும் அளந்து விட்டுக்கொண்டிருந்தாள். பெருமாட்டியின் மகன் பெரெகிரினை அவள் மணப்பதும் மணவாததும் அவ்விருந்தில்தான் முடிவாக வேண்டும். வந்த அன்றே பணியாளர் தலைவரின் கையைப் பற்றிக் குலுக்கி, பிள்ளைகள் நலமா என்று கேட்டுவிட்டவள் அவள். "இன்னும் ஒரு தப்பு பண்ணினா நாளைக்கே கப்பல்ல ஏத்திடுவேன்" என்று பெருமாட்டி அப்போதே சொல்லிவிட்டார்.

அவ்வேளை மேசைக்கடியில், காலுறை மட்டும் அணிந்த கால் ஒன்று எதையோ துழாவியவாறு லவினியாவின் பாவாடையை உரசிற்று. அவள் ஓரக்கண்ணாற் கீழே நோக்கினாள். இறுக்கிக் காலைக் கடித்ததால் பெருமாட்டி கழற்றிவைத்த பட்டுக் காலணி ஒன்றை இழுத்துவந்து, அதன்மேல் முகவாயை வைத்து மாளிகை நாய் உறங்கிக்கொண்டிருந்தது. எழாமைக்குக் காரணம் அதுவே. லவினியா காலணியைப் பெருமாட்டியின் காலருகே மெல்லத் தள்ளிவிட்டாள். ஆனால் குனிந்து இழுத்தாலன்றி அது காலில் ஏறாது; இத்தனை பேர் கண்முன் பெருமாட்டி குனிவதாவது!

லவினியா ஒருமுறை பெரெகிரினைப் பார்த்தாள். வேண்டாம் என்று அவன் கண்கள் கெஞ்சின. அவள் எழுந்தாள்.

"சாப்பாடு தொண்டை வரைக்கும் நிக்குது சீமாட்டியம்மா, இனி உக்கார முடியாது. எல்லாரும் இங்க பாருங்க, சூரியன் போகமாட்டேங்குது" என்று உரக்கச் சொல்லிச் சாளரத்தை நோக்கி நடந்தாள். பணியாளர் உட்பட அத்தனை தலைகளும் திகைத்து அவள் பக்கம் திரும்பின. அவளோ, எல்லாம் போயிற்று என்றே எண்ணினாள்.

திரும்பியபோது பெருமாட்டி நிமிர்ந்து நின்றிருந்தார், இரு காலிலும் காலணியோடு.

"எப்ப எந்திரிக்கணும்னே இந்தப் பொண்ணுக்குத் தெரியல" என்றார் மகனிடம். "ஊருக்கு அனுப்பினா கத்துக்கமாட்டா. கல்யாணத்தைப் பண்ணி நம்ம வீட்லயே வெச்சுக்க."

லவினியாவுக்குக் கண் நிறைந்தது. அவளைக் கடந்து செல்கையில் பெருமாட்டி காதருகே குனிந்து, "ரொம்பக் கடிக்குதும்மா" என்றார்.

மானம் காக்கவென்று வகுத்த முறைமை, அன்று ஒரு முதியவளின் மானத்துக்காகச் சற்றே விலகி நின்றது. அதனால் அக்குடியின் பெருமை குறைந்துவிடவில்லை. திருமண நாளில் பெருமாட்டி ஒரு விரற்கடை பெரிய காலணி அணிந்து, எல்லாரினும் முன்பாக எழுந்து நின்றார்.