ஒட்டுவெளிச்சத்தில் இரண்டு கைகள்

"கைய எடுங்க" என்றேன். என் வீட்டுக்காரர் எடுக்கவில்லை. நான் சொல்லி இந்த மனுஷன் எதைத்தான் உடனே செய்திருக்கிறார் என்ற எரிச்சலில் என் வலது கையை வெடுக்கென்று இழுத்தேன். அவர் கையும் கூடவே வந்தது. மறுபடி இழுத்தபோது வலி தோள்வரை ஏறியது. குனிந்து பார்த்தேன். என் கட்டை விரலின் அடிச்சதையும் அவருடையதும் ஒன்றாகியிருந்தன. நடுவில் ஒரு கோடுகூட இல்லை.

சின்ன நிலா பெரிய நிலாவின் முதுகுக்குப் பின்னால் போகும் பகல்களில் எங்கள் ஊரில் ஒட்டுவெளிச்சம் வரும். தரைக்குள்ளிருந்து பச்சையாகக் கிளம்பி, முழங்கால் அளவுக்கு ஏறி, உலை கொதிக்கும் நேரம் நின்றுவிட்டுப் போய்விடும். அதற்குள் உடைந்தது, கிழிந்தது, அறுந்தது எல்லாம் கூடிவிடும். அறுபட்ட முனை இன்னொரு அறுபட்ட முனையைத் தேடிப் போய் ஒட்டிக்கொள்ளும். ஊருக்கெல்லாம் அது வரம். விரிசல் விட்ட பானையை நூலால் கட்டி வைத்துவிட்டு நிம்மதியாக உட்கார்ந்திருப்பார்கள். எங்களுக்குத்தான் தலைவலி. நாங்கள் கண்ணாடி அறுப்பவர்கள். நாள் முழுக்க அறுத்து அடுக்கியதெல்லாம் பழையபடி ஒரே பாளமாகிவிடாமலிருக்க, ஒவ்வொன்றுக்கும் நடுவே தாள் செருக வேண்டும்.

உடம்புக்கும் அதே கதைதான். அதனால் வெளிச்சம் வருமுன் எல்லா வீட்டிலும் கை பார்ப்பார்கள். ஒருவர் கையை இன்னொருவர் பார்த்து, கீறல் இருந்தால் துணி சுற்றிவிட வேண்டும். தன் கையைத் தானே பார்த்தால் போதாது. அதிலும் எங்கள் தொழிலில் தோல் காய்த்துப் போய், வெட்டுப்பட்டாலும் எரியாது. ஆனால் நாங்கள் பேச்சை நிறுத்திப் பல நாள் ஆகியிருந்தது. இன்று நானும் கை நீட்டவில்லை, அவரும் நீட்டவில்லை.

அவரைக் குறை சொல்லவும் பெரிதாக ஒன்றுமில்லை. குடி கிடையாது, அடி கிடையாது. வாய்தான் கிடையாது. சுவரோடு குடும்பம் நடத்துவதைவிட என் தங்கை ஊரில் தையல் வேலைக்குப் போகலாம் என்று முடிவு செய்து, பட்டறையில் கண்ணாடிச் சட்டங்களுக்குப் பின்னால் பையை ஒளித்து வைத்திருந்தேன். வெளிச்சம் அடங்கி பஸ் ஓடத் தொடங்கியதும் கிளம்புவதாக இருந்தேன். ஒருவரிடமும் மூச்சு விடவில்லை.

வெளிச்சம் ஏறியபோது, சுவரில் சாய்த்திருந்த பெரிய கண்ணாடியின் பாதி, எதிரே கிடந்த தன் மறுபாதியை நோக்கி நகர்ந்தது. அது சரியும்போது நான் புத்தி கெட்டுப்போய்க் குனிந்து தாங்கப் போனேன். அவர் பாய்ந்து என் கையைப் பிடித்து இழுத்தார். கண்ணாடி விழுந்து சுக்குநூறாகி, எங்கள் கண்ணெதிரேயே கோணல் மாணலாகக் கூடிக்கொண்டது. என் கை தப்பியதே என்று மூச்சு விட்டேன். அதற்குப் பிறகுதான் கையை எடுக்கச் சொன்னேன்.

எதிரே சைக்கிள் கடை வைத்திருக்கும் அண்ணன் எட்டிப் பார்த்து, "என்ன தங்கச்சி, பட்டப்பகல்ல கைகோத்துக்கிட்டு" என்று சிரித்தார். பக்கத்தில் வந்து பார்த்தார். ஒரு துண்டை எடுத்து எங்கள் கைமேல் போர்த்தி ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனார். வழி நெடுக நான் ஒரு பக்கம் நடக்க, அவர் ஒரு பக்கம் நடக்க, இடித்துக்கொண்டே போனோம்.

டாக்டரம்மா அவர் கட்டை விரலில் ஊசியால் குத்தினார். இரண்டு பேருக்கும் சுரீர் என்றது. என் விரலில் குத்தினாலும் அப்படியே.

"சதை மட்டும்னா சுலபமா பிரிச்சிருவேன். நரம்பும் ஒண்ணாயிருச்சு. பிரிச்சா அது ஒரு பக்கம்தான் போகும். ஒருத்தர் கட்டை விரல் அப்படியே மரத்துப்போயிரும். யாருக்கு விடறது?"

கட்டை விரல் மரத்தால் அவரால் கண்ணாடி அறுக்கும் வைரமுனையைப் பிடிக்க முடியாது. என்னாலோ ஊசியைக்கூடப் பிடிக்க முடியாது.

"அவளுக்கு விடுங்க" என்றார் அவர். "தையல் வேலைக்குப் போறா."

நான் திரும்பிப் பார்த்தேன். அவர் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உங்களுக்கு யாரு சொன்னா?"

"பையைப் பாத்தேன். பிடி கிழிஞ்சிருந்துச்சு. வெளிச்சத்துல கூடட்டும்னு நூல் கட்டி வெச்சேன்."

இந்த மனுஷன் ஒரே மூச்சில் இவ்வளவு பேசி நான் கேட்டதில்லை. தெரிந்திருந்தும் போகாதே என்று ஒரு வார்த்தை சொல்லவில்லையே என்று ஆத்திரம் வந்தது. அழுகையும் வந்தது. எது முதலில் வந்ததென்று சொல்லத் தெரியவில்லை.

டாக்டரம்மா ஊதா மையால் எங்கள் கைமேல் ஒரு கோடு போட ஆரம்பித்து, பாதியில் நிறுத்தினார். "நீயும் சொல்லணும்மா. உன் சம்மதம் இல்லாம வெட்ட மாட்டேன்."

என் விரலில் இன்னும் உயிர் இருக்கிறதா என்று பார்க்க, என் கட்டை விரலை மெல்ல மடக்க முயன்றேன். அது அசையவில்லை. பக்கத்தில், ஊதாக் கோட்டுக்கு அந்தப் புறம், அவருடைய கட்டை விரல் மடங்கியது.