உலகம்மாளின் மாறுகண்

கண் ஈரமாக இருக்கிறது, ஊதாதே என்றால் கேட்கிறார்களா, இந்தக் காலத்து மனுசர்களுக்கு எதையும் சும்மா விடத் தெரியவில்லை, இழவு வீட்டுக்கு வந்தாலும் போனைத் தூக்கிப் பிடித்துப் பிணத்தைப் படமெடுக்கிறான், அழுகிறவளைப் படமெடுக்கிறான், எடுத்ததில் கறுப்பை வெளுப்பாக்கி, சுருக்கத்தைத் தேய்த்து, நாலு பேருக்கு அனுப்பிவிட்டுக் காப்பி குடிக்கப் போகிறான், இருந்தது இருந்தபடி இருந்தால் இவர்களுக்கு எங்கே நோகிறது, என் மகள் மாரிச்செல்வியும் அந்தக் கூட்டம்தான், இல்லையென்றால் தென்காசியில் இந்த அருள்மணியின் படக்கடைப் பெஞ்சில் என்னைக் கொண்டுவந்து உட்காரவைப்பாளா, எதிரே பலகையில் சாய்ந்திருக்கிறது உலகம்மாள் படம், என் பெண்டாட்டி, உயிரோடு இருந்தவரை ஒரு படம் எடுத்துக்கொள்ளாதவள், போய்ச்சேர்ந்த அன்றைக்குத்தான் நாற்காலியில் சாத்தி, தலை சாயாமல் பின்னாலிருந்து ஒருத்தன் பிடித்துக்கொள்ள எடுத்தது, மூடின கண், அப்போதெல்லாம் படக்கடைக்காரனே மேலே கண் வரைந்து திறந்து கொடுப்பான், நான் வேண்டாம் என்றுவிட்டேன், இப்போது பேத்தி கல்யாணம், கண்மூடின படத்து முன்னால புள்ள விழுந்து கும்பிடக் கூடாதாம்ப்பா, தொறந்துருவோம் என்கிறாள் மகள்.

அருள்மணி மெலிந்த தூரிகை ஒன்றை வெளிச்சத்தில் தூக்கிக் காட்டுகிறான், அண்ணாச்சி, இது லேசுப்பட்ட பிரஷ் இல்ல, அணில்வால் முடி, எங்க வாத்தியாரு கைபட்டது, இதால கண்ணத் தொறந்தா வண்ணம் காயிற வரைக்கும் அந்த மூஞ்சியோட காலமும் ஈரமாத்தான் கெடக்கும், எப்படி வரைஞ்சமோ அப்படித்தான் காயும், போதும்வே, அணில் வாலாம் காலமாம், வரையத் தெரிஞ்சா வரையும் என்றேன், அவன் சிரித்துக்கொண்டே இடது கண்ணைத் திறந்தான், திறந்ததும் அது என்னைப் பார்த்தது, படக்கடையில் எங்கிருந்தோ ஏலக்காய் மணம், அவள் வீட்டுக் காப்பி மணம், உலகம்மாளுக்கு மாறுகண், வலது கருவிழி மூக்கோரம் ஒதுங்கி நிற்கும், ஆலங்குளத்து மாப்பிள்ளை ஒருத்தன் பெண் பார்க்க வந்து கேசரியை வழித்துத் தின்றுவிட்டு, கண்ணைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்து போனான், அடுத்து நான் போகிறேன், அரிசி மில்லில் மூட்டை தூக்குகிறவன், அம்மாவோடு போய் உட்கார்ந்திருக்கிறேன், அவள் காப்பி நீட்டுகிறாள், ஒரு கண் தம்ளரில், ஒரு கண் என் மேல், ஏட்டி, எதப் பாக்கே என்று கேட்டுவிட்டேன், ரெண்டையுந்தான் என்றாள், அப்புறம் காலமெல்லாம் அப்படித்தான், ஒரு கண் உலையில், ஒரு கண் என்மேல், அவளிடம் ஒரு பொய் சொல்ல முடிந்ததா எனக்கு.

தூரிகை வலது கண்ணுக்கு வருகிறது, கருவிழியை நட்டநடுவில் வைக்கிறது, ஆலங்குளத்தான் எழுந்திருக்கவில்லை, பொண்ணு புடிச்சிருக்கு, பூவ வச்சிருவோம் என்கிறான், நான் மில் வாசலில் மூட்டையோடு நிற்கிறேன், அம்பாசடர் காரில் மாலையும் கழுத்துமாக அவள் போகிறாள், இரண்டு கண்ணும் நேரே ரோட்டைப் பார்க்கின்றன, புழுதி என் வாயில், காப்பி மணம் எங்கே, என் அடுப்படியில் சாம்பல்கூட இல்லை, எந்த ஓட்டலில் இத்தனை காலம் தின்றேன், திரும்பிப் பார்த்தால் பெஞ்சில் பக்கத்தில் இருந்தவள் விலகி உட்காருகிறாள், பெரியவரே, கொஞ்சம் தள்ளி இரும், வெத்தல வாடை தாங்கல என்கிறாள், ஏட்டி செல்வி என்றேன், யார ஏட்டிங்கீரு, என் பேரு அது இல்ல, எங்கம்மா படத்துக்கு வந்திருக்கேன், எங்கப்பா ஆலங்குளத்துல இருக்காரு, உமக்கு என்ன வேணும், வாய் உலகம்மாள் வாய்தான், ஆனால் என் அப்பனுக்கும் எனக்கும் உள்ள அந்த விரிந்த காது, இவள் பிறந்த அன்றைக்கு மருத்துவச்சி பார்த்துச் சிரித்த காது, அதைக் காணோம், சின்னதாக, அழகாக, எவனுடையதோ ஒரு காது ஒட்டியிருக்கிறது.

யாரைக் கேட்டுவே கண்ண நேராக்கினீரு என்று கத்தினேன், அவன் பதறவில்லை, எதுக்குக் கேக்கணும், கடை முறை அதுதான, மாறுகண்ண நேராக்குவோம், அம்மத்தழும்ப அழிப்போம், வெறுங்கழுத்துன்னா ஒரு சங்கிலி போட்டுவிடுவோம், செத்தவங்களுக்கு நாம செய்யிற மரியாத, ஆமா, நீரு யாரு, இந்தப் படத்துக்கு உமக்கு என்ன உறவு என்று கேட்டுவிட்டு, வண்ணம் காயட்டும் என்று குனிந்து ஊதப் போனான், ஊதாதடா, மரியாதையாம், ஒரு மனுசியோட அடையாளத்தையே அழிக்கிறவனுக்கு மரியாதை என்ன தெரியும், நெஞ்சில் கைவைத்துத் தள்ளினேன், தூரிகை உருண்டது, பெஞ்சுக்காரி கூப்பாடு போடுகிறாள், ஓரம் காய்ந்து மினுங்கத் தொடங்கிவிட்டது, மூட்டை தூக்கித் தடித்த என் கட்டைவிரலை அந்தக் கருவிழியில் அழுத்தி, மூக்கோரம் இழுத்தேன், இழுக்கிறேன், அம்பாசடர் போன வழியே பின்னோக்கி வருகிறது, மாலை வாடி உதிர்கிறது, கேசரித் தட்டு ணங்கென்று விழுகிறது, ரெண்டையுந்தான் என்கிறாள் உலகம்மாள்.

யப்பா, என்ன காரியம் செஞ்சிட்டீரு, அம்மா கண்ணக் கெடுத்துட்டீரே என்று என் கையைப் பிடித்து இழுக்கிறாள் மாரிச்செல்வி, யப்பா என்றுதான் சொன்னாள், முதலில் காதைத்தான் பார்த்தேன், விரிந்திருந்தது, பாத்தீரா அண்ணாச்சி என் பிரஷ் வேலைய என்று தரையில் கிடந்தபடியே இளிக்கிறான் அருள்மணி, பிரஷாவது மண்ணாவது, வெயிலில் வந்த கிறுகிறுப்புவே, இனி எவ கண்ணுலயாவது கைய வச்சீரு, கைய முறிச்சிருவேன் என்று படத்தைப் பிடுங்கி அக்குளில் இடுக்கிக்கொண்டு இறங்கிவிட்டேன், பின்னால் மகள் திட்டிக்கொண்டே வருகிறாள், அவள் கழுத்தில் ஒரு மச்சம் தெரிகிறது, அது முன்னாலேயே இருந்ததா, கருவிழியைக் கொஞ்சம் கூடுதலாக இழுத்துவிட்டேனோ, யாரைக் கேட்பது, கேட்டாலும் இவர்கள் சொல்வதை நம்ப முடியுமா, கட்டைவிரல் கறுப்பாக இருக்கிறது, படத்தை எடுத்து வெயிலில் பிடிக்கிறேன், கண் இன்னும் ஈரமாக இருக்கிறது, ஒன்று ரோட்டில், ஒன்று என்மேல், அவள்தானா என்று தெரியவில்லை, ஊதமாட்டேன், அதுவாகக் காயட்டும், நடக்கிறேன்.