ஆறு ஆட்டின்

எங்கள் வீட்டில் மருமகள்கள் இரண்டு பேர். மூத்தவள் நகரப் பேருந்து ஓட்டுகிறாள். இளையவளான நான் மருந்துக்கடை நடத்துகிறேன். ஓரகத்திகள் என்றால் ஆளுக்கொரு பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டிருப்பார்கள் என்று யாராவது நினைத்தால், எங்கள் வீட்டுக்கு வந்து ஏமாந்து போகலாம். நான் அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவேன். கல்யாணமாகி வந்த முதல் வருஷம் எனக்கு ஸ்கூட்டர் ஓட்டக் கற்றுக்கொடுத்தவள் அவள்தான்.

ஆனாலும் ஓர் உண்மையைச் சொல்லிவிட வேண்டும். அக்கா எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவள். நான் பட்டம் வாங்கியவள். வரிப் படிவமோ, காப்பீட்டுக் கடிதமோ, பிள்ளைகளின் கணக்குப் பாடமோ, வீட்டில் எது வந்தாலும் என் பக்கம்தான் நகர்த்துவார்கள். அக்காவும் சிரித்துக்கொண்டே, "அதெல்லாம் சின்னவகிட்ட குடு, எனக்கு எழுத்தைப் பாத்தாலே கொட்டாவி வருது" என்பாள். பதினோரு வருஷமாக அதைக் கேட்டுக் கேட்டு, நானும் அதை அப்படியே நம்பிவிட்டேன்.

என் கடைக்கு மேலே ஒரு சின்னக் கூடம் உண்டு. வாரத்துக்கு ஒரு நாள் அங்கே ஒரு பல் டாக்டர் பிரிட்ஜ் என்ற சீட்டாட்டம் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தார். முதல் வகுப்பன்று கடைக்குள் வந்து தலையைச் சொறிந்தார்.

"ஆறு பேர்தான் வந்திருக்காங்க. ஒரு மேசைக்கு நாலு பேர் வேணும். இன்னும் ரெண்டு பேர் இல்லாம ரெண்டாவது மேசை போட முடியாது. நீங்க வர்றீங்களா?"

அப்போதுதான் அக்கா ஷிஃப்ட் முடிந்து, சீருடையோடு, கழுத்து வலிக்குத் தைலம் வாங்க வந்திருந்தாள். அவள் என்னைப் பார்த்தாள். நான் கடைப் பெண்ணைப் பார்த்தேன். அவள், "போங்கக்கா, நான் பாத்துக்கிறேன்" என்றாள். சும்மா ஒரு மணி நேரம் என்றுதான் மாடி ஏறினோம்.

டாக்டர் பல்லைப் பிடுங்குவது போலவே, வலிக்காமல் மெதுவாகத்தான் சொல்லிக்கொடுத்தார். ஆளுக்குப் பதின்மூன்று சீட்டு. எதிரெதிரே உட்கார்ந்திருப்பவர்கள் ஜோடி. ஆளுக்கொன்றாக நாலு சீட்டு விழுந்தால் ஒரு சுற்று, அதில் பெரிய சீட்டைப் போட்டவருக்கு ஒரு பிடி. ஏஸுக்கு நாலு புள்ளி, ராஜாவுக்கு மூன்று, ராணிக்கு இரண்டு, ஜாக்கிக்கு ஒன்று. கையில் பன்னிரண்டு புள்ளிக்கு மேல் இருந்தால் ஏலத்தைத் தொடங்கலாம். ஏலம் என்றால் கத்துவதில்லை. முன்னால் இருக்கும் பெட்டியிலிருந்து ஓர் அட்டையை எடுத்து மேசையில் வைக்க வேண்டும், அவ்வளவுதான். "ஒரு ஸ்பேட்" என்று அட்டை வைத்தால், ஸ்பேட் துருப்பாக இருந்தால் எங்கள் ஜோடி ஏழு பிடி பிடிக்கும் என்று அர்த்தம். சொல்லும் எண்ணோடு ஆறைக் கூட்டிக்கொள்ள வேண்டும்; "ஆறு" என்றால் பதின்மூன்றில் பன்னிரண்டு பிடி. அதைக் கேட்கிறவர்களுக்கு நெஞ்சழுத்தம் வேண்டும்.

"முக்கியமான விஷயம், ஜோடிகிட்ட பேசக்கூடாது" என்றார் டாக்டர். "முகத்துல காட்டக்கூடாது. பெருமூச்சு விடக்கூடாது. அட்டை மட்டும்தான் பேசணும்."

"எங்க வீட்டு ஆம்பளைங்களுக்கு இதைச் சொல்லிக்குடுங்க டாக்டர்" என்றாள் அக்கா.

ஒரு மணி நேரம் என்று போனது எட்டு மாதம் ஆயிற்று.

நான் புத்தகம் வாங்கினேன். மூன்று நிறத்தில் கோடு போட்டுப் படித்தேன். அக்கா ஒன்றும் வாங்கவில்லை. பழைய சீட்டுக்கட்டு ஒன்றை ரப்பர் போட்டுப் பையில் வைத்துக்கொண்டாள். கடைசி நிறுத்தத்தில் அடுத்த நடைக்குப் பதினைந்து நிமிஷம் கிடைக்குமாம். எஞ்சின் மூடியின் மேல் நான்கு கைகளாகப் பரப்பி வைத்து, தனக்குத் தானே ஆடிப் பார்ப்பாளாம். இது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது.

நாலாவது மாதம் ஒரு நாள். நான் "ஒரு ஸ்பேட்" என்று தொடங்கினேன். அக்கா "இரண்டு ஸ்பேட்" வைத்தாள். ஸ்பேட் எனக்குப் பிடித்திருக்கிறது, ஆனால் புள்ளி கொஞ்சம்தான், ஆறிலிருந்து ஒன்பதுக்குள் என்பது அதன் பொருள். என் கையில் பதினாலு. அங்கேயே நிறுத்தியிருக்க வேண்டும். ஆனால் எனக்குள் ஒரு குரல், அக்கா குறைச்சலாகத்தான் எண்ணியிருப்பாள், அவளுக்கு எண்ணிக்கை எங்கே வரப்போகிறது என்றது. "நாலு ஸ்பேட்" என்று வைத்தேன். இரண்டு பிடி குறைந்து தோற்றோம்.

படி இறங்கும்போது அக்கா கேட்டாள். "ஏன் நாலுக்குப் போன?"

பொய் சொல்லத் தெரியவில்லை. "நீ எண்ணினது தப்பா இருக்குமோன்னு நெனச்சேன்."

அக்கா கடைக்குள் வந்து, கல்லா மேசையில் தன் கட்டைப் பிரித்து, அன்றைக்குத் தன் கையில் இருந்த பதின்மூன்று சீட்டையும் ஒன்றுவிடாமல் பொறுக்கி வரிசையாக வைத்தாள். என் கையையும் வைத்தாள். நான் அவளுக்குக் காட்டாத என் கையை! நிறுத்தாமல் எதிராளிகள் இருவரின் கைகளையும் வைத்தாள்.

"எனக்கு ஏழு புள்ளி. எண்ணிப் பாரு."

எண்ணினேன். ஏழுதான்.

"பின்னாடி திரும்பிப் பாக்காமலே என் பஸ்ல எத்தனை பேர் ஏறினாங்க, எத்தனை பேர் எறங்கினாங்க, இன்னும் எத்தனை பேர் நிக்கிறாங்கன்னு எனக்குத் தெரியும். பத்தொன்பது வருஷமா அதான் செய்றேன். இது நாலு பஸ். பஸ்ஸுக்குப் பதிமூணு பேரு. அவ்வளவுதான்." பிறகு குரலைத் தாழ்த்திச் சொன்னாள். "நான் வைக்கிற அட்டைய நீ நம்பலைன்னா, எதுக்குடி என் எதிர்ல உக்காந்திருக்க?"

முகத்தில் அறைந்திருந்தால்கூட அவ்வளவு உறைத்திருக்காது. அவள் போன பிறகும் அந்த ஐம்பத்திரண்டு சீட்டையும் நான் கலைக்கவில்லை. கடை சாத்தும் வரை அப்படியே கிடந்தன. மறுநாள் காலையில் அவளுடைய முதல் நடைக்கே போய் நின்று, டிக்கெட் எடுத்து, முன் இருக்கையில் உட்கார்ந்தேன். சிக்னலில் வண்டி நின்றபோது, "தப்பு என்மேலதான்க்கா" என்றேன். கண்ணாடியில் என்னைப் பார்த்து, "ஓட்டுநரிடம் பேசாதீர்கள்னு எழுதியிருக்கு பாரு" என்றாள். உதட்டோரம் சிரிப்பு இருந்தது.

அதற்குப் பிறகு நாங்கள் நன்றாக ஆட ஆரம்பித்தோம்.

எட்டாவது மாதம் நகரப் போட்டிக்கு டாக்டர் எங்கள் பெயரைக் கொடுத்துவிட்டார். பதினாறு ஜோடிகள். ஒரு பள்ளியின் உணவுக்கூடத்தில் பச்சைத் துணி விரித்த எட்டு மேசைகள். இந்தப் போட்டியில் ஒரே சீட்டுகள்தான் மேசை மேசையாகச் சுற்றி வரும். நம் கைக்கு வந்த அதே பதின்மூன்று, மற்ற ஏழு மேசைகளிலும் வேறு யாருக்கோ போகும். அதனால் சீட்டு சரியில்லை என்று யாரும் நொண்டிச் சாக்குச் சொல்ல முடியாது. வந்தவர்களில் பாதிப் பேர் இருபது வருஷம் ஆடியவர்கள். அக்கா ஷிஃப்டிலிருந்து நேரே வந்ததால் சீருடையிலேயே இருந்தாள். வாசலில் ஒருவர், "வேன் எல்லாம் பின்பக்கம் நிறுத்தணும்மா" என்றார். அக்கா, "நான் பஸ்ஸை டெப்போவுல விட்டுட்டுத்தான் வந்தேன்" என்று சொல்லிவிட்டு உள்ளே நடந்தாள்.

சாப்பாட்டு இடைவேளைக்குப் பிறகு மூன்றாவது ஆட்டம். எங்கள் மேசைக்கு ஒரு வக்கீலும் அவருடைய தம்பியும் வந்தார்கள். வக்கீல் அக்காவுக்கு இடப்பக்கம், தம்பி வலப்பக்கம்.

அக்கா "ஒரு ஆட்டின்" என்று தொடங்கினாள். ஐந்து ஆட்டினாவது இருக்கிறது என்று பொருள். வக்கீல், ஒரு ஸ்பேட் போதும் என்ற இடத்தில், சட்டென்று தாவி "இரண்டு ஸ்பேட்" வைத்தார். புள்ளி கம்மி, ஆனால் ஸ்பேட் ஆறு இருக்கிறது என்பதற்கான தாவல் அது. எங்களுக்கு இடைஞ்சல் செய்யத்தான்.

என் கையில் பன்னிரண்டு புள்ளி. கிளாவரில் ஏஸும் ராஜாவும், டைமண்டில் ராஜா, ஆட்டினில் ராணி. ஆட்டின் எனக்கும் பிடித்திருக்கிறது, பலமும் இருக்கிறது என்று தெரிவிக்கும் அட்டையை வைத்தேன். அக்கா நாலு ஆட்டினோடு நிறுத்தியிருக்கலாம். நிறுத்தாமல் "நாலு டைமண்ட்" வைத்தாள். டைமண்டில் ஏஸ் இருக்கிறது, இன்னும் மேலே போகலாம் என்கிறாள். நான் "நாலு நோ டிரம்ப்" வைத்தேன். எத்தனை ஏஸ் வைத்திருக்கிறாய் என்ற கேள்வி அது. "ஐந்து ஸ்பேட்" என்று பதில் வந்தது. மூன்று ஏஸ் என்று சொல்லும் அட்டை அது.

மூன்று ஏஸா? அக்கா குழம்பிவிட்டாளோ என்று அந்தப் பழைய குரல் எட்டிப் பார்த்தது. அதன் வாயைப் பொத்தினேன். அக்கா மூன்று என்றால் மூன்று. பெட்டியிலிருந்து "ஆறு ஆட்டின்" அட்டையை எடுத்து வைத்தேன்.

வக்கீல் புருவத்தை உயர்த்தினார். ஸ்பேட் ராஜாவை இறக்கினார். ஆட்டினை முதலில் சொன்னவள் அக்கா என்பதால் ஆடப்போவது அவள். நான் என் சீட்டுகளை எல்லோரும் பார்க்க மேசையில் விரித்து வைத்துவிட்டுச் சும்மா இருக்க வேண்டும். இனி என் வேலை, அவள் சொல்லும் சீட்டை எடுத்துப் போடுவது மட்டும்.

ஸ்பேட் ஏஸால் அக்கா முதல் பிடியைப் பிடித்தாள். ஸ்பேடில் இன்னொரு பிடி போகத்தான் போகிறது. ஆக, வேறு எதையும் இழக்கக்கூடாது. இடிக்கும் இடம் ஒன்றே ஒன்று, டைமண்ட் ராணி. அக்காவிடம் ஏஸும் ஜாக்கியும், என்னிடம் ராஜாவும் பத்தும். ராணி வக்கீலிடம் இருந்தால் ஒரு வழியாக ஆட வேண்டும், தம்பியிடம் இருந்தால் வேறு வழியாக. தப்பான பக்கம் திரும்பினால் தோல்வி. நானாக இருந்தால் காசு சுண்டிப் பார்த்திருப்பேன்.

அக்கா டைமண்டைத் தொடவே இல்லை. கிளாவரை ஆடினாள். ஏஸ், ராஜா, மூன்றாவதைத் தன் ஆட்டினால் வெட்டினாள். ஆட்டின் ராணி வழியாக என் பக்கம் வந்து, நாலாவது கிளாவரையும் வெட்டினாள். இது எதற்கு வீண் வேலை என்று எனக்குப் பதறியது. முகத்தில் காட்டக்கூடாதே, மேசைத் துணியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நாலாவது கிளாவருக்கு வக்கீல் ஸ்பேட் போட்டார். பிறகு அக்கா மீதித் துருப்பை எல்லாம் இழுத்தாள். வக்கீல் ஆட்டினுக்கு மூன்று தடவை ஆட்டின் போட்டார்.

அப்போதுதான் அக்கா நிறுத்தினாள். சிக்னலில் நிற்பதுபோல, இரண்டு கையும் மேசைமேல், கண் நேரே. எனக்கும் அப்போதுதான் பொறி தட்டியது. வக்கீலிடம் ஸ்பேட் ஆறு. ஆட்டின் மூன்று. கிளாவர் மூன்று. பன்னிரண்டு ஆயிற்று. அந்தப் பஸ்ஸில் இன்னும் ஒரே ஓர் ஆளுக்குத்தான் இடம்!

தன் கையிலிருந்து ஒரு சின்ன டைமண்டை இறக்கிவிட்டு, "டைமண்ட் ராஜா" என்றாள். எடுத்துப் போட்டேன். வக்கீல் போட்டது ஒரு சின்ன டைமண்ட், அவருடைய ஒரே டைமண்ட். அப்படியானால் ராணி தம்பியிடம்தான். ஊகம் இல்லை. நிச்சயம்.

"பத்து." போட்டேன். தம்பி தயங்கி ஒரு சின்னதைப் போட்டார். அக்காவும் ஒரு சின்னதைப் போட்டாள், ஓட்டுநர் இருக்கையில் சாய்ந்து உட்காருவதுபோல அவ்வளவு நிதானமாக. வக்கீலிடமிருந்து ஸ்பேட் விழுந்தது. பத்து பிடித்துவிட்டது! அடுத்து ஜாக்கி, அதற்குப் பின் ஏஸ். ராணி தம்பியின் கையிலேயே மூச்சுமுட்டிச் செத்தது. கடைசி ஸ்பேடை அக்கா தானே எடுத்துக் கொடுத்தாள். பன்னிரண்டு பிடி.

வக்கீல் சீட்டுகளை அடுக்கிக்கொண்டே கேட்டார். "ராணி எங்கேன்னு எப்படிம்மா தெரிஞ்சது? ஜோசியமா?"

"நீங்கதான சார் சொன்னீங்க. ஸ்பேட் ஆறுன்னு முதல்லயே சொல்லிட்டீங்க. மிச்சத்தை நான் எண்ணினேன்."

அவர் ஒரு நிமிஷம் யோசித்தார். தன் தாவல்தான் தன்னைக் காட்டிக்கொடுத்தது என்று புரிந்ததும் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். எழுந்து கை நீட்டினார். "நான் இருபத்தி ரெண்டு வருஷமா ஆடுறேன். நானா இருந்தா தப்பாத்தான் ஆடியிருப்பேன்."

அக்கா சட்டையில் கையைத் துடைத்துவிட்டுக் கை கொடுத்தாள்.

கடைசியில் நாங்கள் மூன்றாவதாக வந்தோம். பதினாறில் மூன்று. ஆனால் சுவரில் ஒட்டிய முடிவுத் தாளில் அந்த ஒரு வரியைத்தான் நான் தேடினேன். ஐந்து மேசைகள் நாலு ஆட்டினோடு நின்றுவிட்டன. இரண்டு மேசைகள் ஆறு கேட்டு, ராணியைத் தப்பான பக்கம் தேடித் தோற்றிருந்தன. ஆறு கேட்டு ஆறும் ஆடியது எங்கள் மேசை ஒன்றுதான். அதைப் படம் எடுத்துக் குடும்பத்தில் எல்லோருக்கும் அனுப்பினேன். "பெரியவள் செய்தது" என்று கீழே எழுதினேன். உடனே அக்கா அதற்குக் கீழே, "கேட்டது சின்னவள்" என்று போட்டாள்.

டாக்டர் ஓடி வந்தார். அடுத்த மாதம் வெளியூரில் நடக்கும் பெரிய போட்டிக்கு நகர அணியில் எங்களையும் சேர்க்கப்போகிறார்களாம். ஒரு சனி, ஒரு ஞாயிறு. நான் சரி என்றேன். அக்கா, "ஷிஃப்ட் பாத்துத்தான் சொல்லணும்" என்றாள்.

திங்கட்கிழமை அவளோடு டெப்போவுக்கு நானும் போனேன். பத்தொன்பது வருஷத்தில் அவள் ஒரு தடவைகூட ஷிஃப்ட் மாற்றிக் கேட்டதில்லை. மேலாளர் கண்ணாடியை இறக்கி அவளைப் பார்த்தார்.

"ரெண்டு நாள் லீவா? என்ன விசேஷம்?"

"பிரிட்ஜ் சார்."

"எந்தப் பிரிட்ஜ்? மறுபடியும் அடைச்சுட்டாங்களா? ஏன் எனக்கு யாரும் சொல்லல? எத்தனை ரூட் மாத்தணும்?" என்று அவர் போனை எடுக்கப் போனார்.

அக்கா சிரித்தாள். கொட்டாவிக் கதை எல்லாம் சொல்லவில்லை. முதுகை நிமிர்த்தி, அந்த அறையில் இருந்த ஏழெட்டு ஓட்டுநர்களுக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னாள்.

"சீட்டாட்டம் சார். நகர அணிக்கு என்னை எடுத்திருக்காங்க."