லிசான் மாஃபி

குவாங்ஜு நகரத்தை விட்டு பஸ் கிளம்பிப் பத்து நிமிஷம்கூட ஆகியிருக்காது, சீதாராமன் எழுந்து வந்து நஜீஹாவின் கையிலிருந்த மைக்கை வாங்கிக்கொண்டார். வாங்கிக்கொண்டார் என்பது மரியாதைக்குச் சொல்வது. பிடுங்கினார்.

அவள் அப்போதுதான் பேச ஆரம்பித்திருந்தாள். இன்றைக்குப் பார்க்கப்போகிற போசோங் கொரியாவின் தேயிலை ஊர், காலையில் தோட்டத்தைச் சுற்றிப் பார்ப்போம், பிறகு ஒரு தோட்டக்கார வீட்டில் அவர்கள் முறைப்படி டீ குடிப்போம், அந்த வீட்டில் ஒரு வழக்கம் உண்டு, முதலில் வைக்கிற கிண்ணத்தை... அவ்வளவுதான் சொன்னாள்.

"ஏம்மா, இருபது வருஷமா டீயிலேயே குளிச்சு எந்திரிக்கிறவன் நான். எனக்கே டீ குடிக்கக் கிளாஸ் எடுக்கிறியா? நீ வழியை மட்டும் காட்டு, போதும்."

பின்னால் இருந்த ஒன்பது பேரும் சிரித்தார்கள். சிரிக்காமல் என்ன செய்வார்கள்? ஒன்பது பேருக்கும் லீவு கையெழுத்துப் போடுகிற கை அது. துபாய் அல் கூஸில் டீத்தூள் பாக்கெட் போடும் கம்பெனி ஒன்றின் மேனேஜர் அவர். விற்பனை நன்றாக இருந்ததற்குப் பரிசாக ஸ்டாஃபைக் கொரியாவுக்குக் கூட்டிவந்திருந்தார். கூடவே சொந்தக் காரியமும் ஒன்று இருந்தது. போசோங் தோட்டக்கார அம்மாளின் பச்சைத் தேயிலையை வளைகுடா முழுக்க விற்கும் உரிமையை வாங்கிவிட்டால், அவரைப் பங்குதாரர் ஆக்குவதாக முதலாளி அரபி சொல்லியிருந்தார்.

நஜீஹா சிரித்த முகத்தோடு சீட்டில் உட்கார்ந்தாள். கைடு வேலைக்கு வந்த நாலு வருஷத்தில் அந்தச் சிரிப்பு அவளுக்குப் பழகிவிட்டது. உள்ளே மட்டும் பற்றி எரிந்தது. இந்த மனுஷனுக்கு அவளை அடையாளம் தெரியவில்லை. பத்து வயசில் எப்போதோ பார்த்த பிள்ளை. நெஞ்சில் குத்தியிருந்த பெயர்ப் பட்டையிலும் 'நஜி' என்றுதான் இருந்தது. அவளுக்கோ அவரை நன்றாகவே தெரியும். தொழுகைப் பாயில் உட்கார்ந்துகொண்டு, இந்த ஆள் ஒருநாள் நாலு பேர் முன்னால் தலை குனிய வேண்டும் என்று, கேட்கக் கூடாததை எல்லாம் கேட்டவள் அவள்.

காரணம் அவளுடைய வாப்பா, கீழக்கரை காதர் மைதீன். அந்தக் கம்பெனியில் இருபத்தாறு வருஷம் டீ டேஸ்டராக இருந்தவர். லேபர் கேம்ப் முதல் வில்லா வரைக்கும் ஓடுகிற 'ஸ்பெஷல் பதினேழு' அவர் நாக்கில் பிறந்த கலவை. பதினாறு கலவையைத் துப்பித் தள்ளிவிட்டுப் பதினேழாவதைத்தான் விழுங்கினார், அதனால் அந்தப் பேர்.

கொரோனா வந்த இரண்டாவது வருஷம் அவருக்கும் அது வந்து போனது. இரண்டு வாரம் ருசி தெரியவில்லை, பிறகு சரியாகிவிட்டது. அந்தச் சமயம் பார்த்து சீதாராமன் வாடகையை மிச்சம் பிடிக்கிறேன் என்று, பக்கூர் மூட்டை அடுக்கியிருந்த ஷெட்டிலேயே டீயையும் அடுக்கினார். பக்கூர் என்பது அரபிகள் வீட்டில் புகைக்கிற வாசனைக் கட்டை. வேண்டாம் சார், தேயிலை பக்கத்தில் இருக்கிற வாசனையை எல்லாம் குடித்துவிடும் என்று காதர் மைதீன் தலைபாடாக அடித்துக்கொண்டார். யார் கேட்டார்கள்? சவூதிக்குப் போன சரக்கு ஊதுபத்தி வாசனையோடு அப்படியே திரும்பி வந்தது. முதலாளி அரபி வேர்ஹவுஸ் நடுவில் நின்று கத்தியபோது, சீதாராமன் கொஞ்சம்கூடக் கூசாமல் பழியைத் தூக்கி அவர் தலையில் போட்டார்.

"அர்பாப், காதர் பாய் லிசான் மாஃபி. கொரோனா."

லிசான் மாஃபி என்றால் நாக்கு இல்லை என்று அர்த்தம். ரெண்டே ரெண்டு வார்த்தையில் இருபத்தாறு வருஷம் முடிந்தது. கப்பைக் கொண்டுவாங்க, எந்தத் தூளானாலும் கண்ணை மூடிக்கிட்டுச் சொல்றேன் என்று வாப்பா கெஞ்சினாராம். நாக்கு இல்லாதவனுக்குக் கப்பு எதுக்கு என்று சீதாராமன் சிரித்தாராம். அரபி 'கலாஸ்', முடிந்தது என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறிப் போய்விட்டார்.

ஊருக்குப் போக வாப்பாவுக்கு மனசில்லை. மச்சானுடைய விசாவில், அதே வேர்ஹவுஸுக்கு நேர் எதிரே இருக்கிற கஃபட்டீரியாவில் கரக் என்கிற கெட்டிப் பால் சாயா கொதிக்க வைக்க நின்றார். டீ டேஸ்டர் டீ மாஸ்டர் ஆனார். அதைக்கூட நஜீஹா பொறுத்துக்கொண்டிருப்பாள். அன்றிலிருந்து அவர் தான் போட்ட டீயைத் தானே ருசி பார்ப்பதில்லை. பக்கத்தில் நிற்கிறவனிடம் ஒரு மடக்குக் கொடுத்து, இனிப்பு சரியா இருக்கா தம்பி என்று கேட்பார். அதைத்தான் அவளால் பொறுக்க முடியவில்லை. சீதாராமன் சொன்னதை அவரே நம்பத் தொடங்கிவிட்டார்.

ஆகவே, டிராவல்ஸ் ஆபீஸில் இந்த குரூப்பின் பெயர்ப் பட்டியலைப் பார்த்தபோது நஜீஹா யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. கொரியா டிரிப்பா, நானே போறேன் என்று மட்டும் சொன்னாள். பள்ளிக்கூட நாளில் சீரியல் பார்த்துப் பார்த்து, பிறகு காசு கட்டிப் படித்துக் கற்ற கொரிய மொழி அவளுடையது. இதற்காகத்தான் படித்தோமோ என்று அன்றைக்குத் தோன்றியது.

தோட்டத்து வாசலில் ஊசியிலை மரங்கள் இரண்டு பக்கமும் நெடுக நின்றன. அதைத் தாண்டினால் மலை முழுக்கப் படிபடியாகப் பச்சை. மே மாதம், அல் கூஸில் இந்நேரம் தார் ரோடு உருகும், இங்கே ஸ்வெட்டர் போட வேண்டியிருந்தது. சீதாராமன் ஓலைத் தொப்பியை மாட்டி, இடுப்பில் கூடையைக் கட்டி, கொழுந்தைக் கிள்ளுகிற மாதிரி போட்டோ எடுக்கச் சொன்னார். கிள்ளியது முற்றிய இலை. கொழுந்து பறித்துக்கொண்டிருந்த கிழவி ஒருத்தி வாயை மூடிக்கொண்டு சிரித்தாள்.

அவர் இருபதாவது போட்டோவுக்கு நின்றுகொண்டிருந்தபோது, வேன் சேல்ஸ்மேன் அன்பரசன் நஜீஹாவின் பக்கம் வந்தான். அரியலூர்க்காரன், நாற்பது வயசு, ஒரு நாளைக்கு மூணு டீ காதர் மைதீன் நிற்கிற எதிர்க் கடையில் குடிக்கிறவன். பஸ்ஸில் கிண்ணம் என்று ஏதோ சொல்ல வந்தியே, என்ன அது என்று கேட்டான்.

நஜீஹா சொன்னாள். மற்ற எட்டுப் பேரையும் கூப்பிட்டு வைத்துச் சொன்னாள். அந்த வீட்டில் முதலில் எல்லார் முன்னாலும் கறுப்பு மண் கிண்ணம் வைத்து ஊற்றுவார்கள். அது டீ அல்ல, வெறும் வெந்நீர். கிண்ணம் சூடேறுவதற்காக. இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்துவிட்டு, நடுவில் இருக்கிற சட்டியில் கொட்டிவிட வேண்டும். பிறகுதான் டீ வரும்.

"மேனேஜர் சார்கிட்ட யாரும் சொல்ல வேணாம். அவருக்குத் தெரியாததா?" என்றாள்.

அன்பரசன் அவள் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தான்.

"நீ காதர் பாய் மவளா?"

அவள் தலையை ஆட்டினாள். அன்பரசன் மற்றவர்களைத் திரும்பிப் பார்த்தான். அவனுக்கும் ஒரு கணக்கு இருந்தது. அப்பா செத்த அன்றைக்கு லீவு கேட்டுப் போனவனிடம், நீ போனா எந்திரிச்சு உக்காரப் போறாரா என்று கேட்ட ஆள் சீதாராமன். மற்ற எட்டுப் பேர் வயிற்றிலும் இந்த மாதிரி ஒன்று கிடந்தது. ஆளுக்கொரு பக்கம் போட்டோ எடுக்கப் போனார்கள்.

தோட்டக்கார அம்மாளின் பேர் யூன். அறுபத்தைந்து வயசிருக்கும், வெயில் தின்ற முகம், நறுக்கென்று பேச்சு. தாழ்வான மேஜையைச் சுற்றி எல்லாரையும் தரையில் உட்கார வைத்தாள். அவள் பக்கத்தில் ஸ்பெஷல் பதினேழு பாக்கெட் ஒன்று இருந்தது. சீதாராமன் முன்பே அனுப்பிய சாம்பிள். பாலில் கொதிக்க வைக்கிற தூளை நான் மதிப்பதில்லை, ஆனால் இதைக் கலந்தவனைப் பார்க்க வேண்டும் என்றுதான் வரச் சொன்னேன் என்றாள் அந்த அம்மாள். நஜீஹா மொழிபெயர்த்தாள். சீதாராமன் நெஞ்சில் கை வைத்து, அதைக் கலந்தது நான்தான் என்றார். அதையும் மொழிபெயர்த்தாள். நாக்கு கூசியது.

யூன் அம்மாள் கெட்டிலிலிருந்து அகலக் கிண்ணத்துக்கும், அதிலிருந்து ஒவ்வொருவர் முன்னாலும் இருந்த கறுப்புக் கிண்ணத்துக்கும் தண்ணீரை ஊற்றினாள். ஒன்பது பேரும் கிண்ணத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கோயிலில் பிரசாதத்துக்கு நிற்கிறவர்கள் மாதிரி உட்கார்ந்திருந்தார்கள். ஒரு வார்த்தை போதும். 'சார், குடிக்காதீங்க.' கைடு என்றால் சொல்ல வேண்டும், அதற்குத்தான் சம்பளம். சொல்லவில்லை. வழியை மட்டும் காட்டச் சொன்னார், காட்டினேன், வந்து சேர்ந்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டாள்.

சீதாராமன் கிண்ணத்தைத் தூக்கினார். டேஸ்டர்கள் உறிஞ்சுவார்களே, அதே மாதிரி ஸ்ர்ர்ரென்று சத்தமாக உறிஞ்சினார். அந்தச் சத்தம் வாப்பாவுடையது. இருபது வருஷம் பக்கத்தில் நின்று பார்த்துப் படித்த சத்தம். கண்ணை மூடி வாய்க்குள் உருட்டி விழுங்கினார்.

"ஆகா. முதல் கொழுந்து. மழைக்கு முன்னாடி பறிச்சது. ஆரம்பத்துல லேசா ஒரு பால் இனிப்பு, கடைசியில மல்லியப்பூ வாசம். என் நாக்கு பொய் சொல்லாது, சொல்லும்மா அவங்ககிட்ட."

நஜீஹா சொன்னாள். ஒரு வார்த்தை கூட்டவில்லை, குறைக்கவில்லை. மல்லிகைப்பூவைக்கூட விடவில்லை.

யூன் அம்மாள் கெட்டிலைக் கீழே வைத்தாள். டீ போடும் பானையின் மூடியைத் திறந்து உள்ளே காட்டினாள். காலி. பக்கத்தில் டப்பாவில் இலை மூடி திறக்காமல் இருந்தது. பிறகு நிதானமாக இரண்டு வாக்கியம் பேசினாள்.

"இது வெந்நீர்னு சொல்றாங்க சார். டீயை இன்னும் போடவே இல்லையாம்" என்றாள் நஜீஹா.

ஒன்பது பேரும் சொல்லிவைத்தாற்போலக் கிண்ணத்தைச் சட்டியில் கவிழ்த்தார்கள். சளக் சளக் என்று ஒன்பது தடவை சத்தம் கேட்டது. சீதாராமனின் முகத்தில் ஈயாடவில்லை. கொரியாத் தண்ணியே அவ்வளவு ருசி என்று என்னவோ முனகினார். நஜீஹா அதையும் மொழிபெயர்த்தாள்.

யூன் அம்மாள் சிரிக்கவில்லை. ஸ்பெஷல் பதினேழை எடுத்து மேஜை நடுவில் வைத்தாள். இதைக் குடித்து முடித்த பிறகு தொண்டையில் ஒரு வாசம் நிற்கிறது, அது எந்த இலையிலிருந்து வருகிறது என்று கேட்டாள். சீதாராமனுக்கு வேர்த்தது. அஸ்ஸாம் என்றார். பிறகு கென்யா என்றார். மொழிபெயர்க்கிறவள் தன் சொந்தப் பேச்சைப் பேசக் கூடாது என்பது நஜீஹா நாலு வருஷமாகக் காத்துவந்த நியதி. அன்றைக்கு அதைத் தூக்கிப் போட்டாள். நீலகிரியில் டிசம்பர் பனியில் பறிக்கிற இலை, நூறுக்கு ஏழு பங்கு என்று கொரிய மொழியில் சொன்னாள். உனக்கு எப்படித் தெரியும் என்று அந்த அம்மாள் கேட்டாள்.

"உரி அப்பா" என்றாள் நஜீஹா. கொரிய மொழியிலும் அப்பா அப்பாதான், அவர்களும் என் அப்பா என்று சொல்வதில்லை, எங்க அப்பா என்றுதான் சொல்வார்கள். அதையே சீதாராமன் பக்கம் திரும்பித் தமிழில் சொன்னாள்: "கலந்தது எங்க வாப்பா. காதர் மைதீன்."

அவர் அவளை அப்போதுதான் முதல்முதலாகப் பார்த்தார்.

யூன் அம்மாள் கடைசியாக ஒன்று சொன்னாள். நாக்கு இல்லாதவருக்கு என் இலையைத் தர மாட்டேன். அதைச் சொல்லத் தமிழில் எத்தனையோ வார்த்தை இருந்தது. நஜீஹா தேடவே இல்லை. மூன்று வருஷமாக நெஞ்சில் ஊறிக்கிடந்ததை எடுத்தாள்.

"லிசான் மாஃபின்னு சொல்றாங்க சார்."

திரும்புகிற வழியில் சீதாராமன் மைக்கைக் கேட்கவில்லை. போனில் டிராவல்ஸ் முதலாளியிடம் புகார் சொன்னார். இனிமேல் உனக்குக் கொரியா இல்லை, ஜார்ஜியா குரூப்பைப் பார் என்று அவளுக்கு மெசேஜ் வந்தது. அவளுக்கு வருத்தம்தான், பொய் சொல்வானேன். அந்த மலையை அவளுக்குப் பிடிக்கும். ஆனாலும் அந்த சளக் சத்தத்தை நினைத்தால் ஒரு மலை போனால் என்ன என்றிருந்தது.

துபாய் வந்த மறுநாள் சாயங்காலம், டீ டைமுக்கு, அல் கூஸுக்குப் போனாள். யூன் அம்மாள் காதர் மைதீனுக்கென்று கொடுத்தனுப்பிய டப்பா அவள் பையில் இருந்தது. வாப்பா விஷயத்தை முழுசாகக் கேட்டார். டப்பாவைத் திறந்து முகர்ந்தார். ஒரு கிளாஸை எடுத்து வெந்நீர் ஊற்றிச் சுழற்றிக் கீழே கொட்டினார். யாரும் அவருக்குச் சொல்லித்தரவில்லை. இலையைப் போட்டு, வெந்நீர் கொஞ்சம் ஆறியதும் ஊற்றி, பக்கத்தில் யாரையும் கூப்பிடாமல், தானே உறிஞ்சினார்.

"மழைக்கு முந்தினதும் இருக்கு, பிந்தினதும் கொஞ்சம் கலந்திருக்கா. கெட்டிக்காரி" என்றார். கண் கலங்கியிருந்தது.

எதிர் வேர்ஹவுஸிலிருந்து ஃபோர்க்லிஃப்ட் ஆட்கள் ரோட்டைத் தாண்டி வந்தார்கள். கூட அன்பரசன். எதிரே மாடியில் கண்ணாடி ரூமில் சீதாராமன் உட்கார்ந்திருந்தது தெரிந்தது. ஜன்னல் திறந்திருந்தது. அன்பரசன் கவுண்டரில் கையூன்றி, ரோட்டுக்கே கேட்கிற மாதிரி ஆர்டர் சொன்னான்.

"பாய், ரெண்டு கரக், ஒரு சுலைமானி, மாத்திரை போட ஒரு சீதாராமன்."

சுலைமானி பால் இல்லாத டீ. அது எல்லாருக்கும் தெரியும். சீதாராமன் என்னவென்று வாப்பாவுக்கு ஒரு நொடி பிடிபடவில்லை. நஜீஹா வெந்நீர் அண்டாவைக் கண்ணால் காட்டினாள். கேம்ப் முழுக்க வாட்ஸ்ஆப்பில் அந்தப் பேர்தான் ஓடுகிறது, ஊரின் அந்தக் கோடி சத்வா வரைக்கும் போய்விட்டது என்று அன்பரசன் சொன்னான்.

காதர் மைதீன் எதிர் மாடியை நிமிர்ந்து பார்த்தார். கண்ணாடிக்குள் இருந்தவர் சட்டென்று எழுந்து ஜன்னலைச் சாத்தினார். வாப்பா தோளில் கிடந்த துண்டை உதறிப் போட்டுக்கொண்டு, உள்ளே அடுப்படியைப் பார்த்துக் குரல் கொடுத்தார்.

"ஒரு சீதாராமன்! நல்லாக் கொதிக்கட்டும்!"