ஒரு மணி நேரத்தில் பத்து நாள் சாப்பாடு

எங்கள் வானாய்வுக்கூடத்தின் தலைவருக்கு நாங்கள் வைத்த பெயர் கடுகு. ஆள் என் தோளுக்குத்தான் வருவார். வாயைத் திறந்தால் காரம் உச்சிக்கு ஏறும். அவரைப் பற்றி நான் பேசாத பேச்சில்லை. இன்று அதே வாயால் சொல்கிறேன்: அந்த மனிதர் நன்றாக இருக்க வேண்டும்.

எங்கள் உலகத்தில் நட்சத்திர வெளிச்சம் சும்மா வந்து விழுவதில்லை. எவ்வளவு தூரத்திலிருந்து வருகிறதோ அவ்வளவு காலத்தைச் சுமந்துகொண்டு வரும். கண்ணாடித் தொட்டியில் பிடித்துவைத்து, குழாய் வழியாக ஓர் அறைக்குள் விட்டால் அங்கே பொழுது மெதுவாக நகரும். பக்கத்து நட்சத்திரத்து வெளிச்சம் என்றால் பழம் கூடுதலாக இரண்டு நாள் கெடாமல் இருக்கும், அவ்வளவுதான். பழைய வெளிச்சத்தோடு விளையாட முடியாது. எங்கள் எழுத்தர் ஒருவர் தெரியாத்தனமாக அப்படியோர் அறையில் போய்ப் படுத்தார். குட்டித் தூக்கம் போட்டுவிட்டு வெளியே வந்தால், அவர் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்திருந்தார்.

இருப்பதிலேயே பழைய நட்சத்திரத்தைக் கிழவன் என்போம். அது அணைந்துவிட்டது. அதன் கடைசி வெளிச்சம் ஒரே ஒரு தொட்டியில் இருந்தது. கடுகு வாழ்நாளெல்லாம் ஆராய்ந்தது அதைத்தான். அந்தத் தொட்டியைத் துடைத்துப் பாதுகாப்பது என் வேலை. "மூச்சு விடாம தொடைம்மா, ஆவி படியுது" என்று பின்னாலேயே நிற்பார். கட்டிக்கொண்டு அழட்டும் என்று முணுமுணுத்துக்கொண்டே துடைப்பேன்.

அன்று காலை என் வீட்டுக்காரர் கூரையைத் திருப்பும் சக்கரத்துக்கு எண்ணெய் போட ஏறினார். அது அவர் வேலை. ஏணி சறுக்கியது. விழுந்த சத்தம் தொட்டி அறைவரை கேட்டது. கூடத்து வைத்தியர் அவர் வயிற்றை அழுத்திப் பார்த்துவிட்டு என்னைத் தனியே அழைத்தார்.

"உள்ளுக்குள்ள ரத்தம் கசியுதும்மா. வயித்தைத் திறந்து தைக்கணும். அது என்னால ஆகாது. மலைக்கு அந்தப் பக்கம் ஒரு அறுவை வைத்தியர் இருக்கார்."

"அவரைக் கூட்டிட்டு வர ஆள் அனுப்புங்களேன்!"

"பாதையெல்லாம் பனி. போய்ட்டு வரப் பத்து நாளாகும். இவரு ரெண்டு மணி நேரம் தாங்கினாலே பெரிசு."

எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. எப்படியோ தொட்டி அறை வாசலுக்கு வந்து நின்றேன். அந்த வெளிச்சத்தைக் கேட்க வாய் வரவில்லை. அந்த மனிதரின் ஆயுளையே கேட்பது போலிருந்தது. கடுகு என்னைப் பார்த்தார், தொட்டியைப் பார்த்தார்.

"என்ன மரம் மாதிரி நிக்கிறே? அவரைத் தூக்கிட்டு வரச் சொல்லு. மலைக்கும் ஆள் கிளம்பட்டும். குழாயை நான் திறக்கறேன்."

"ஐயா, இது தீர்ந்து போனா..."

"தீர்ந்தா தீரட்டும். சாகக் கிடக்கிற ஆளை வச்சுக்கிட்டு எனக்கென்ன ஆராய்ச்சி வேண்டிக் கிடக்கு?"

குழாயைத் திறக்குமுன் தொட்டியை ஒருதரம் தன் துண்டால் துடைத்தார். நான் பார்க்காத மாதிரி இருந்துவிட்டேன்.

எங்கள் சின்னவளை நாத்தனாரிடம் விட்டுவிட்டு நானும் கணவரோடு குழாய் போய்ச் சேரும் அறைக்குள் போனேன். வெளியே பத்து நாள் ஓடினால் உள்ளே ஒரு மணி நேரம்தான் ஆகும் என்றார்கள். கதவைச் சாத்தினார்கள். மங்கிய மஞ்சள் வெளிச்சம் அறையை மெல்ல நிறைத்தது. அவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

நாலு வார்த்தை பேசியிருக்க மாட்டோம். கதவின் அடியிலிருந்த சின்னத் திறப்பு வழியாக ஒரு சாப்பாட்டுத் தட்டு உள்ளே வந்தது. ஆவி பறந்தது. இதை யார் கேட்டார்கள் என்று நினைப்பதற்குள் இன்னொன்று. அதை நகர்த்தி வைப்பதற்குள் மற்றொன்று.

"என்ன இது?" என்றார் அவர், வலியைக் கடித்துக்கொண்டு.

"வேற யாரு? உங்க தங்கச்சிதான்."

நாத்தனாரும் இதே கூடத்தில்தான் வேலை பார்க்கிறாள். உள்ளே பொழுது எப்படி நகரும் என்று அவளுக்கா தெரியாது? ஆனாலும் வேளை தவறாமல் தட்டு வந்தது. சுவரோரம் அடுக்கு ஏறியது. போகப் போக, சமைத்தது ஒரே கை இல்லை என்று தெரிந்தது. ஒரு தட்டில் எழுத்தர் வீட்டுக் கிண்ணம், ஒன்றில் வாயில்காவலரின் மூடி. ஒன்றில் ரொட்டி கரிக்கட்டையாகத் தீய்ந்திருந்தது. ஒன்றின் ஓரத்தில் சின்னவள் கடித்துவிட்டு மிச்சம் வைத்த பழம் இருந்தது. கதவுக் கண்ணாடியில் பகலும் இருட்டும் மாறி மாறி வந்துபோயின. எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. எங்களுக்குப் பசிக்கக்கூட நேரமில்லை. அவர்களோ ஒரு வேளைகூட எங்களை விட்டுவிட்டுச் சாப்பிடவில்லை.

அவருக்குக் கண் செருகியது. கை சில்லிட்டது. "தூங்காதீங்க, என்னைப் பாருங்க!" என்று உலுக்கினேன். தட்டு வருவது நின்றுபோனது. ஐயோ, என்ன ஆயிற்று என்று நிமிர்ந்தேன். கதவே திறந்தது. மேலங்கியில் பனி அப்பியிருக்க, அறுவை வைத்தியர் வாசலில் நின்றார்.

சாயங்காலம்தான் வைத்தியர் அறுவையை முடித்துக் கை கழுவிக்கொண்டு வந்தார். "பிழைச்சுக்குவாரு" என்றார். நாத்தனார் என்னைக் கட்டிக்கொண்டாள்.

"உள்ள ஒரு மணி நேரம்தான்னு தெரியும் அண்ணி. ஆனா சாப்பாட்டு நேரம் வந்தா கை கேக்க மாட்டேங்குது. அப்புறம் எல்லாரும் முறை போட்டுக்கிட்டாங்க."

"ரொட்டியைக் கருக்கினது யாரு?"

"மெதுவாப் பேசுங்க. காதுல விழுந்தா அவரு கோவிச்சுக்குவாரு."

தொட்டி அறைக்குப் போனேன். தொட்டி காலியாக, வெறும் கண்ணாடியாக நின்றது. அதன் எதிரே கடுகு முக்காலியில் உட்கார்ந்திருந்தார். பத்து நாளில் ஆள் இன்னும் சிறுத்திருந்தார்.

"ரொட்டி நல்லா இருந்துச்சுங்க ஐயா."

"பொய் சொல்லாதே."

"உங்களுக்கு எப்படி நன்றி சொல்றதுன்னே தெரியலை. எல்லாம் போயிடுச்சே."

அவர் காலித் தொட்டியை விரலால் தட்டிப் பார்த்தார்.

"இத்தனை வருஷமா வர்றவன் போறவனெல்லாம் கேட்பான், இந்த வெளிச்சத்தால என்ன பிரயோஜனம்னு. பதில் தெரியாம நானும் கண்டபடி திட்டி அனுப்பியிருக்கேன்" என்றார். "உன் வீட்டுக்காரர் எழுந்து நடமாட ஆரம்பிச்சதும் ஒருதரம் இங்க கூட்டிட்டு வா. இனிமே எவனாவது கேட்டா காட்டணும்."

"சரிங்க ஐயா" என்றேன். வழக்கம்போலத் துணியை எடுத்து அந்தக் காலித் தொட்டியைத் துடைக்கத் தொடங்கினேன்.